ஐந்து லிட்டர் நல்லதண்ணி

இத்தாலியச் சமையலில் ஒன்று, பத்து, நூறு என்று ஒரு கணக்கு சொல்வார்கள். நூறு கிராம் பாஸ்தாவுக்கு ஒரு லிட்டர் தண்ணீர், பத்து கிராம் உப்பு. கடையில் வாங்கும் 500 கிராம் பொட்டலத்தை முழுதாகப் போட்டால் ஐந்து லிட்டர் தண்ணீர், 50 கிராம் உப்பு. வெந்து முடிந்த பாஸ்தா தன் எடைக்குச் சற்றுக் கூடுதலாகத் தண்ணீரை உள்ளே இழுத்துக்கொள்ளும், அதாவது அரை லிட்டரும் கொஞ்சமும். ஆவியாகப் போனது போக மிச்சம் நான்கு லிட்டருக்குக் குறையாது. அதைச் சல்லடையில் வடித்து அப்படியே தொட்டியில் விடுவார்கள். யூடியூபில் எந்தச் சமையல்காரர் வீடியோவை எடுத்தாலும் இந்த இடம் இரண்டு நொடியில் ஓடிவிடும். ஆவி பறக்கும், தண்ணீர் சரசரவென்று குழாய்க்குள் போகும், அவர் அதைப் பற்றி ஒரு வார்த்தை பேசமாட்டார். எனக்கு மட்டும் அந்த இரண்டு நொடியில்தான் கண் நிற்கும்.

கீழக்கரையில் வாழ்க்கைப்பட்டவளுக்கு அது அப்படித்தான் இருக்கும். இங்கே வீட்டில் தண்ணீர் இரண்டு வகை. கிணற்றிலோ போரிலோ வருவது உப்புத்தண்ணி. துணி துவைக்க, பாத்திரம் கழுவ, வாசல் தெளிக்க. குடிக்கவும் சமைக்கவும் நல்லதண்ணி. திருச்சிப் பக்கம் காவிரியில் எடுத்து, குழாய் வழியே இத்தனை தூரம் கொண்டுவந்து முறை வைத்து விடுகிறார்கள். வராத நாளில் வண்டிக்காரரிடம் குடம் கணக்கில் காசு கொடுத்து வாங்க வேண்டும். கடற்கரையை ஒட்டிய ஊர்களில் பெண்கள் மணலில் ஊற்றுத் தோண்டி, சிரட்டையால் மொண்டு மொண்டு குடம் நிறைப்பதைப் பார்த்து வளர்ந்தவர்கள் நாங்கள். ஊருணித் தண்ணீருக்குக் காவல் போட்டிருந்த காலத்தை மாமி இன்னும் சொல்வார். அரசு ஊழியருக்குத் தண்டனை என்றால் இராமநாதபுரத்துக்கு மாற்றல், தண்ணியில்லாக் காடு என்று மற்ற மாவட்டத்துக்காரர்கள் பேசிச் சிரிப்பதுண்டு. எங்களுக்கு அதில் சிரிக்க ஒன்றும் இல்லை.

நான் பாஸ்தா சமைக்கக் கற்றது இத்தாலியிலிருந்து அல்ல, எகிப்திலிருந்து. இவருக்கு ஷார்ஜாவில் வேலை இருந்த வருடங்களில் பக்கத்து ஃபிளாட்டில் ஓர் எகிப்துக் குடும்பம். வெள்ளிக்கிழமை ஜும்மா முடிந்தால் அவர்கள் வீட்டிலிருந்து ஒரு தட்டு வரும். பென்னே என்கிற குழாய்ப் பாஸ்தா, நடுவில் கொத்துக்கறி, மேலே தடிமனாகப் பால் சாஸ், அதன்மேல் பொன்னிறமாக ஓர் ஆடை. மக்கரோனா பெஷமெல் என்பார்கள். கத்தியால் சதுரமாக வெட்டித்தான் எடுக்க வேண்டும். கிரேக்கர்களுக்கு இதே சாயலில் பஸ்திட்சியோ உண்டு. இத்தாலியில் பாஸ்தா அல் ஃபோர்னோ என்ற பேரில் ஊருக்கு ஒன்று: போலோனியாவில் லசான்யா, பலெர்மோவில் சின்ன வளையப் பாஸ்தா, நேப்பிள்ஸில் கார்னிவல் நாளுக்கு ரிக்கோட்டா என்கிற மெத்தென்ற சீஸும் சின்னச் சின்னக் கறி உருண்டையும் வைத்த லசான்யா. எல்லாம் ஒரே வம்சம். பன்றியும் ஒயினும் இல்லாமல் எங்கள் வீட்டுக்குள் நேராக வந்தது எகிப்துக்காரி செய்ததுதான். ஷார்ஜாவில் குழாயைத் திறந்தால் தண்ணீர். கடல்நீரைச் சுத்திகரித்துத்தான் தருகிறார்கள் என்று தெரியும், ஆனாலும் குழாயைத் திறக்கும்போது கை யோசிக்காது. ஊருக்குத் திரும்பிய பிறகு யோசித்தது.

மாமி கேட்டது

அன்று பெருநாளுக்கு வந்த விருந்தாளிகள் பாதிப்பேர் இன்னும் கிளம்பவில்லை. பிள்ளைகள் நெய்ச்சோறும் தால்ச்சாவும் போதும், "அந்த மக்கரோனி" வேண்டும் என்று நின்றார்கள். இரண்டு பொட்டலம் பென்னே. பத்து லிட்டர். சோறு வடிக்கிற பெரிய தேக்சாவை எடுத்து அடுப்பில் ஏற்றி, குடத்தைச் சாய்த்து நல்லதண்ணியை ஊற்ற ஆரம்பித்தேன். மாமி முற்றத்தில் உட்கார்ந்து மீன் ஆய்ந்துகொண்டிருந்தார். தண்ணீர் விழுகிற சத்தம் நிற்காமல் வந்ததைக் கேட்டிருக்கிறார். கையைக் கழுவாமலே எழுந்து வாசற்படியில் வந்து நின்றார்.

"எத்தனை பேருக்குப் புள்ள சோறு?"

சோறு இல்லை மாமி, மக்கரோனி வேகவைக்க என்றேன். வெந்ததும் தண்ணீரை என்ன செய்வாய் என்றார். வடித்துவிடுவேன் என்றேன். வடித்த கஞ்சியைக் குடிக்கலாமா? உப்பு அதிகம், குடிக்க முடியாது. செடிக்கு ஊற்றலாமா? உப்பு, செடி கருகிவிடும். மாட்டுக்கு வைக்கலாமா? நான் பதில் சொல்லவில்லை. அவர் கோபப்படவில்லை. புரியாத ஒன்றைப் பார்க்கிற முகம்தான் இருந்தது.

"நல்லதண்ணிய உப்புத்தண்ணி ஆக்கிக் கொட்டுறதுக்கு எதுக்குக் காசு குடுத்து வாங்கணும்? உப்புத்தண்ணிதான் கிணத்துலயே கிடக்கே?"

அப்புறம் ஒரு கேள்வி கேட்டார். அதுதான் இன்றுவரை என்னை விடவில்லை. "தக்கடி போடுறோமே, மாவு உருண்டையத் தனியா அவிச்சுத் தண்ணியக் கொட்டிட்டா ஆணத்துல போடுறோம்?"

எங்கள் பக்கத்தில் தக்கடி தெரியாதவர்கள் இருக்க மாட்டார்கள். அரிசிமாவும் தேங்காய்ப்பூவும் வெங்காயமும் பிசைந்து உருட்டி, கறி கொதிக்கிற ஆணத்திலேயே, அதாவது குழம்பிலேயே, போடுவது. உருண்டை ஆணத்தைக் குடித்து வேகும், ஆணம் உருண்டையின் மாவை வாங்கிக் கெட்டிப்படும். அங்கே வெளியே போக ஒரு சொட்டு இல்லை. மாமி கேட்டதில் சமையல் இலக்கணமே இருந்தது. மாவுப்பண்டத்துக்குத் தண்ணீர் வேண்டும், சரி. அந்தத் தண்ணீர் ஏன் வெறும் தண்ணீராக இருக்க வேண்டும்? சாஸே இருக்கும்போது?

நான் நின்றுகொண்டே இருந்தேன். மாமி தேக்சாவைச் சாய்த்துத் தண்ணீரைக் குடத்திலேயே திருப்பி ஊற்றினார். அலமாரிமேல் இருந்த பெரிய சஹனை இறக்கச் சொன்னார், விருந்தில் நாலைந்து பேர் சேர்ந்து உட்கார்ந்து சாப்பிடுகிற தட்டு. இரண்டு பொட்டலத்தையும் அதில் பரப்பி, மூழ்குகிற அளவுக்கு மட்டும் பச்சைத்தண்ணீர் விட்டார். ஒரு பிடி உப்பைத் தூவினார். "ஊறட்டும். ஊறுனா வேவாதா என்ன" என்று சொல்லிவிட்டு மீனுக்குப் போய்விட்டார்.

முதலில் பென்னே கண்ணாடிபோல் மஞ்சளாகவே கிடந்தது. சற்றுநேரம் கழித்து ஓரம் மங்கியது. அப்புறம் முழுதும் வெளுத்து, வெண்ணெய் நிறத்துக்கு வந்தது. ஒன்றை எடுத்து வளைத்தால் வளைந்தது, உடையவில்லை. நகத்தால் கிள்ளினால் நடுவில் சுண்ணாம்புக் கோடு ஒன்று. ஒட்டவே இல்லை. கையை விட்டு அளைந்தால் ஒவ்வொன்றும் தனித்தனியாக விரலுக்கிடையில் வழுக்கிப் போனது. தண்ணீர் லேசாகக் கலங்கியிருந்தது, அவ்வளவுதான்.

இதற்கு விளக்கம் எளிது. பாஸ்தா வேகும்போது நடப்பது ஒன்றல்ல, இரண்டு. ஒன்று, தண்ணீர் உள்ளே போவது. இன்னொன்று, சூட்டில் மாவுச்சத்து வீங்கிக் கூழாகிப் புரதம் இறுகுவது. கோதுமை மாவுச்சத்து கூழாக 60 டிகிரி வாக்கில் சூடு வேண்டும். முதலாவதற்குச் சூடு தேவையில்லை, நேரம் மட்டும் போதும். கொதிநீரில் போடும்போது இரண்டும் ஒன்றாக நடப்பதால் இரண்டும் ஒரே வேலை என்று நினைத்துவிடுகிறோம். பாஸ்தா ஒட்டிக்கொள்வதும் முதல் ஓரிரு நிமிடத்தில் மேல்மாவு கூழாகும்போதுதான். பச்சைத்தண்ணீரில் அது நடப்பதில்லை. ஆகவே வெந்நீரில் ஊறப்போடாதீர்கள், அங்கேதான் கட்டி தட்டும். நிறையத் தண்ணீர் இருந்தால்தான் பாஸ்தா போட்டதும் கொதி அடங்காது என்றும் ஒரு வாதம் சொல்வார்கள். கொதி திரும்ப வருவதற்கு அடுப்பு கொடுக்க வேண்டிய சூடு, பாஸ்தா இழுத்துக்கொண்ட சூடுதான். பானை பெரிதானாலும் சிறிதானாலும் அடுப்பு அதே அடுப்பு. பெரிய பானைக்குக் கூடுதலாகச் செலவாவது எரிவாயுவும் நேரமும்தான்.

இன்னொன்றையும் இங்கேயே சொல்லிவிடுகிறேன். பாஸ்தாத் தண்ணீர் "கடல் மாதிரி உப்பாக" இருக்க வேண்டும் என்று சொல்லிக்கொடுப்பவர்கள் கடலை வாயில் வைத்துப் பார்த்ததில்லை என்று நினைக்கிறேன். கடல்நீரில் லிட்டருக்கு 35 கிராம் வாக்கில் உப்பு. அவர்கள் சொல்லும் கணக்கிலேயே பத்து கிராம்தான். கடல்கரைக்காரர்களிடம் இதைச் சொல்லி ஏமாற்ற முடியாது.

மேலே தணல், கீழே தணல்

இப்போது நான் செய்கிற விதத்தைச் சொல்கிறேன். ஒரு பொட்டலம், 500 கிராம் பென்னே அல்லது அதுபோல் குழாய் வடிவம் எதுவானாலும் சரி. டூரம் கோதுமை ரவையில் செய்ததா என்று மட்டும் உறையைத் திருப்பிப் பாருங்கள். இத்தாலியில் உலர்ந்த பாஸ்தாவுக்கு டூரம்தான் என்று 1967-லேயே சட்டம் போட்டுவிட்டார்கள். இங்கே மைதா கலந்ததும் விற்கிறது. ஊறப்போட்டால் அது நொளுநொளுத்துவிடும். ஒரு லிட்டர் நல்லதண்ணி, ஒரு தேக்கரண்டி உப்பு, ஒன்றே கால் மணி நேரம். வெயில் காலத்தில் அதற்குமேல் விடாதீர்கள், புளிப்பு வாடை வந்துவிடும். ஊறிய பிறகு மிஞ்சும் கலங்கல் தண்ணீரைக் கொட்டாதீர்கள். அதில் பாதி கறிக்கு, பாதி பால் சாஸுக்கு.

கறிக்கு அரைக்கிலோ ஆட்டுக் கொத்துக்கறி. போலோனியாவின் ராகு என்கிற கறிச் சாஸ் இப்படித்தான் என்று 1982-ல் அங்கே வர்த்தக சபையில் பதிவே செய்து வைத்தார்கள், 2023-ல் அதைத் திருத்தியும் எழுதினார்கள். அதில் மாடு, உப்பிட்ட பன்றி, கேரட், செலரி, வெங்காயம், தக்காளி, ஒயின், பால் எல்லாம் உண்டு. பன்றியும் ஒயினும் நமக்கு இல்லை. ஒயின் தருகிற புளிப்பை நாட்டுத்தக்காளி தந்துவிடும், நயமான பெங்களூர்த் தக்காளியால் முடியாது. ஒரு கிலோ எடுத்துக்கொள்ளுங்கள். செலரிக்குப் பதில் கொத்தமல்லித் தண்டைப் பொடியாக நறுக்கிப் போடுகிறேன். வாசம் வேறுதான், வேலை நடக்கிறது. காரத்துக்கு நம்மூர்க் குண்டு மிளகாய் நாலைந்தைக் கிள்ளி எண்ணெயில் போடுங்கள். 2023-ல் புவிசார் குறியீடு வாங்கிய மிளகாய், அதன் நிறமும் வாசமும் தக்காளிக்கென்றே பிறந்தது. வெங்காயம், கேரட் வதங்கி, கறி நிறம் மாறி, தக்காளி கரைந்ததும் அடுப்பை ஒடுக்கி ஒன்றரை மணி நேரம் விட்டுவிட வேண்டும். குக்கரில் வைத்தால் கறி வேகும், சாஸ் ஆகாது. கடைசியில் அரை டம்ளர் பால். மாமி இஞ்சி பூண்டு விழுதும் கரம் மசாலாவும் போடச் சொல்வார். நான் பட்டையை மட்டும் ஒத்துக்கொண்டேன். கிரேக்கர்கள் பஸ்திட்சியோவில் போடுகிறார்கள், அதனால் எனக்கும் ஒரு சாக்கு கிடைத்தது.

பால் சாஸுக்கு 60 கிராம் வெண்ணெய், அதே எடை மைதா. வெண்ணெய் உருகியதும் மாவைப் போட்டுப் பச்சை வாடை போகும்வரை மட்டும் கிண்டுங்கள், சிவக்க விடாதீர்கள். முக்கால் லிட்டர் பாலைக் கொஞ்சம் கொஞ்சமாக ஊற்றி, கட்டி இல்லாமல் கலக்கி, மிச்சக் கலங்கல் தண்ணீரையும் சேர்க்க வேண்டும். வழக்கமான பெஷமெலைவிட இது நீர்க்க இருக்கும், இருக்கத்தான் வேண்டும், பாஸ்தா குடிப்பதற்கு இன்னும் பாக்கி இருக்கிறது. ஜாதிக்காயை இரண்டு இழுப்பு சீவிப் போடுங்கள். பிள்ளைக்கு வயிற்றுவலி மருந்துக்கென்று வைத்திருக்கும் டப்பாவில் எந்த வீட்டிலும் ஒன்று கிடக்கும்.

அடியில் ஒரு கரண்டி கறிச்சாறு, அதன்மேல் ஊறிய பாஸ்தாவில் பாதி, பால் சாஸ் கொஞ்சம், கறி முழுதும், மிச்சப் பாஸ்தா, மிச்சப் பால் சாஸ். மேலே சீஸ். ஓடிஜி என்கிற மின்சார அவன் இருந்தால் 190 டிகிரியில் அலுமினியத் தாளால் மூடி அரைமணி நேரம், திறந்து கால்மணி நேரம். கடற்காற்றில் ஓடிஜி வைத்திருப்பவர்களுக்கு அதன் கதை தெரியும். தட்டு ஓரம் துருவேறும், திருகாணி பிடித்துக்கொள்ளும், கதவு முழுதாக மூடாது. சாயங்காலமானால் மின்னழுத்தம் இறங்கி, ஆரஞ்சாக ஒளிர வேண்டிய கம்பி மங்கிய சிவப்பிலேயே நிற்கும். அப்படி ஒருநாள் பாதியில் மின்சாரம் போனபோதுதான் மாமி கனத்த தேக்சாவுக்கு எல்லாவற்றையும் மாற்றி, கீழே தோசைக்கல், மேலே தட்டுமூடி, மூடிமேல் சிரட்டைக்கரித் தணல் என்று தம் போட்டார். தணலை நடுவில் குவிக்கவில்லை. ஓரமாக வட்டத்தில் பரப்பி நடுவில் ஒரு கை இடம் விட்டார். நடு எப்படியும் சூடேறிவிடும், ஓரம்தான் பின்தங்கும் என்றார். திறந்து பார்த்தபோது மேல் ஆடை ஓடிஜியில் வருவதைவிடச் சீராகச் சிவந்திருந்தது. பழைய இத்தாலியச் சமையல் குறிப்புகளில் "இரண்டு நெருப்புக்கு நடுவே வை" என்று வரும். மூடிமேல் தணல் போடுவதைத்தான் சொல்கிறார்கள்.

இறக்கியதும் வெட்டாதீர்கள். கால்மணி நேரமாவது ஆற வேண்டும். சூட்டில் சாஸ் தளர்ந்து இருக்கும், ஆற ஆறத்தான் மாவு இறுகி வெட்டு நிற்கும். பசியோடு சுற்றி நிற்கும் பிள்ளைகளிடம் இதைச் சொல்லிப் புரியவைப்பது இந்தச் சமையலிலேயே கஷ்டமான பகுதி.

சீஸ் பற்றி ஒரு வார்த்தை. பொட்டல மொசரெல்லா ராமநாதபுரத்தில் கிடைக்கிறது, கீழக்கரையில் சில நாள் கிடைக்கும், சில நாள் கிடைக்காது. கிடைக்காத நாளில் தெற்கு இத்தாலிக்காரர் வழி இருக்கிறது: காய்ந்த ரொட்டியைப் பொடித்து, எண்ணெயில் பூண்டோடு சிவக்க வறுத்து மேலே தூவுவது. சிசிலியில் மத்தி மீன் பாஸ்தாவுக்குச் சீஸ் போடமாட்டார்கள், இந்த வறுத்த பொடிதான். கறகறவென்று நன்றாகவே இருக்கிறது. சீஸ் இழுபடுகிற வீடியோ எடுக்கத்தான் முடியாது.

"இது இத்தாலியனே இல்ல சாச்சி"

இவருடைய காக்கா, அதாவது அண்ணன், மகன் சென்னையில் கேட்டரிங் படிக்கிறான். விடுமுறைக்கு வந்தவன் இரண்டு தடவை வாங்கிச் சாப்பிட்டுவிட்டு, எப்படிச் செய்தேன் என்று கேட்டான். சொன்னேன். முகம் மாறிவிட்டது. பாஸ்தாவைப் பொங்கிக் கொதிக்கிற தண்ணீரில் போட்டு, உறையில் சொன்னதற்கு இரண்டு நிமிடம் முன்னால் எடுத்து, அப்புறம்தான் ஓடிஜியில் வைக்க வேண்டும், ஊறப்போடுவதெல்லாம் ஏமாற்று வேலை என்றான். ருசியில் என்ன குறை என்று கேட்டால் குறை இல்லை என்கிறான். முறைதான் தப்பாம்.

அவனுக்கு நேரில் சொன்னதைவிட நிதானமாக இங்கே சொல்கிறேன். இத்தாலிக்காரர்களுக்கே இதில் ஒரே பேச்சு கிடையாது. 2021-ல் இயற்பியலுக்கு நோபல் வாங்கிய ஜார்ஜோ பாரிசி, 2022 செப்டம்பரில் ஐரோப்பாவில் எரிவாயு விலை எகிறியபோது, தண்ணீர் கொதித்துப் பாஸ்தா போட்ட இரண்டாவது நிமிடம் அடுப்பை அணைத்து மூடிவிடலாம், மிச்சத்தை அந்தச் சூடே பார்த்துக்கொள்ளும் என்ற யோசனையைப் பரப்பினார். பெரிய பெரிய சமையல்காரர்கள் கொதித்துப் போனார்கள். அவர் மிச்சம் பிடிக்கப் பார்த்தது எரிவாயுவை. நான் பிடிப்பது தண்ணீரை. அவரவருக்கு எது காசோ அது.

அப்புறம் பூலியா. இத்தாலிக் காலணியின் குதிகால் இருக்கிற மாகாணம். மழை குறைவு, பெரிய ஆறு இல்லை, நிலத்துக்கடியில் சுண்ணாம்புப் பாறை, இரண்டு பக்கம் கடல். இரண்டாயிரம் வருடத்துக்கு முன் ஹொரேஸ் என்ற லத்தீன் கவிஞரே அதைத் தாகமெடுத்த பூலியா என்று பாடிவிட்டார். மலைக்கு அந்தப் பக்கம் செலே ஆற்றின் தண்ணீரை அபென்னைன் மலையைக் குடைந்து குழாயில் கொண்டுவரும் வேலையை 1906-ல் தொடங்கினார்கள், பாரி நகரத்துக்கு அது வந்து சேர்ந்தது 1915-ல். இதைப் படித்த அன்று எனக்கு வேறு எந்த ஊர் ஞாபகம் வரும்?

அந்தப் பாரியில் தியெல்லா என்று ஒரு சாப்பாடு. தட்டில் வெங்காயம், வட்டமாக வெட்டிய பச்சை உருளைக்கிழங்கு, பச்சை அரிசி, ஓடு திறந்த மட்டி, தக்காளி, சீஸ் என்று அடுக்குகிறார்கள். மட்டி விட்ட நீரையும் கொஞ்சம் தண்ணீரையும் ஊற்றி நேராக அடுப்புக்குள் வைக்கிறார்கள். அரிசியை முன்கூட்டி யாரும் வேகவைப்பதில்லை, எதையும் வடிப்பதில்லை. அதே பாரியில் அஸ்ஸாஸ்ஸினா என்று ஒரு ஸ்பகெட்டி. காய்ந்த ஸ்பகெட்டியை வேகவைக்காமல் இரும்புச் சட்டியில் போட்டு, தக்காளிச் சாறு கரைத்த தண்ணீரைக் கரண்டி கரண்டியாக ஊற்றி, அடிபிடிக்க விட்டுத் தீய்த்து எடுக்கிறார்கள். அது இத்தாலியன் இல்லை என்று பாரிக்காரரிடம் போய்ச் சொல்லிப் பார்க்கட்டும் என் பிள்ளை.

இன்னும் பின்னே போனால் 1154-ல் அரபு நிலவியலாளர் அல்-இத்ரீசி எழுதியது இருக்கிறது. சிசிலியில் பலெர்மோவுக்குப் பக்கம் திராபியா என்ற ஊரில் இத்ரிய்யா என்ற மாவுப்பண்டம் ஏராளமாகச் செய்து, கலாப்ரியாவுக்கும் முஸ்லிம், கிறிஸ்தவ நாடுகளுக்கும் கப்பல் கப்பலாக அனுப்பினார்கள் என்கிறார். காய்ந்த பாஸ்தா பற்றிக் கிடைக்கும் பழைய செய்திகளில் முக்கியமானது இது. சரக்கு கப்பலில் கெடாமல் போக வேண்டும் என்றால் அதன் ஈரத்தை எடுக்க வேண்டும். மரைக்காயர்கள் கப்பல் விட்ட ஊரில் இதைப் பெரிதாக விளக்க வேண்டியதில்லை. எடுத்த ஈரத்தைத் திரும்பக் கொடுத்தால் போதும். எடுத்ததைப்போல் பத்து மடங்கு கொடுத்து ஒன்பதைச் சாக்கடையில் விட வேண்டும் என்று அல்-இத்ரீசி எழுதவில்லை.

அவன் பக்கம் நியாயமே இல்லை என்று சொல்லமாட்டேன். ஸ்பகெட்டியை எண்ணெய் பூண்டில் புரட்டிச் சாப்பிடுவதற்கோ, சாஸ் கொஞ்சமாகவும் பாஸ்தா பல்லில் நிற்பதாகவும் இருக்க வேண்டிய எதற்குமோ இந்த ஊறல் வழி சரிவராது. கொதிநீரில் எடுத்ததுதான் அங்கே நடுவில் உறுதியாக நிற்கும். ஊறி, சாஸில் வெந்த பாஸ்தா ஒரு படி மெத்தென்றுதான் இருக்கும். ஆனால் சதுரமாக வெட்டிச் சாப்பிடுகிற இந்த ஒரு வகைக்கு அந்த மெத்துதான் வேண்டும். பாஸ்தாவுக்குள்ளேயே கறிச்சாறு இறங்கியிருக்கும். வெறும் உப்புத்தண்ணீரைக் குடித்து வயிறு நிறைந்த பாஸ்தா சாஸை வெளியேதான் பூசிக்கொள்ளும். இரண்டையும் ஒரே நாளில் செய்து அவனுக்கு வைத்தேன். எதை இரண்டாம் முறை வாங்கினான் என்று அவன் உம்மாவிடம் கேட்டுக்கொள்ளலாம்.

ஏப்ரல் 15 முதல் ஜூன் 14 வரை விசைப்படகு கடலுக்குப் போகாத காலத்தில் எங்கள் வீட்டில் கறி வைத்துத்தான் இது நடக்கும். தடை முடிந்து கணவாய் மலிந்தால் கொத்துக்கறிக்குப் பதில் கணவாய் போடலாம். வளையமாக வெட்டி, தக்காளிச் சாறு சுண்டிய பிறகு கடைசியில் போட்டுப் பத்து நிமிடம் வேகவிட்டு இறக்குங்கள். கணவாய் நிறையத் தண்ணீர் விடும், ஆகவே கலங்கல் தண்ணீரை அங்கே ஊற்ற வேண்டாம், எல்லாவற்றையும் பால் சாஸுக்கே தள்ளிவிடுங்கள். மீன் வகையோடு சீஸ் கூடாது என்பதில் இத்தாலிக்காரர்களில் முக்கால்வாசிப் பேர் பிடிவாதம். வறுத்த ரொட்டிப் பொடி அதற்குச் சரியான ஆள். மாமிக்கோ கணவாயோடு பசும்பால் சேர்வதே பிடிக்கவில்லை. பால் சாஸை விட்டுவிட்டுத் தேங்காய்ப்பாலில் மாவு கரைத்து ஊற்று, திரியாமல் நான் பார்த்துக்கொள்கிறேன் என்கிறார். கேட்டரிங் பையனிடம் இதை இன்னும் சொல்லவில்லை. அடுத்த விடுமுறைக்கு வரும்போது மாமியே சொல்லிக்கொள்ளட்டும்.